சைக்கிளை விட்டு இறங்காதவர்கள்

(கேமரன் மலை, தானா ராத்தாவில் தேயிலைத் தோட்டக் குடும்பங்கள் கூடிய கூட்டத்தில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



என் தாத்தா கிள்ளான் வட்டாரத்தில் ஒரு கித்தாத் தோட்டத்தில் பால்மரம் சீவியவர். அவரிடம் ஒரு பழைய சைக்கிள் இருந்தது. வெள்ளைக்காரத் துரை எதிரே வந்தால் அதை விட்டு இறங்க வேண்டும். கணக்கெழுதும் கிராணி வந்தாலும் இறங்க வேண்டும். இறங்கி, வண்டியை ஓரங்கட்டி, தலைத்துண்டை அவிழ்த்துக் கையில் வைத்துக்கொண்டு, அவர்கள் கடந்து போகும்வரை நிற்க வேண்டும். தாத்தா இதைச் சொல்லும்போதெல்லாம் அவமானம் என்ற சொல்லை எடுத்ததே இல்லை. "மேட்டுல இறங்கிட்டா மறுபடி ஏறி மிதிக்க முடியாதும்மா. கடைசி வரைக்கும் தள்ளிக்கிட்டுத்தான் போவணும்" என்பார். அதற்கு மேல் பேச மாட்டார்.

1941-இல் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் பெரிய வேலைநிறுத்தம் நடந்தது. ஆர். எச். நாதன் அதில் முன்னின்றவர். தொழிலாளர்கள் வைத்த கோரிக்கைகளைப் பாருங்கள். சீனத் தொழிலாளிக்குக் கொடுக்கும் கூலியை எங்களுக்கும் கொடு. கள்ளுக்கடையை மூடு. எங்கள் பெண்களிடம் வம்பு செய்வதை நிறுத்து. பிள்ளைகளுக்கு ஒழுங்கான பள்ளிக்கூடம் வேண்டும், மருத்துவ வசதி வேண்டும், பேசவும் கூடவும் உரிமை வேண்டும். இவற்றோடு இன்னொன்று: துரைமார்கள், சிப்பந்திகள் முன்னால் சைக்கிளை விட்டு இறங்காமல் போக அனுமதி வேண்டும்.

கூலி கேட்ட அதே தாளில் சைக்கிளையும் எழுதிய அந்த மனிதர்களை நினைக்கும்போது எனக்கு இன்னமும் உடம்பு சிலிர்க்கிறது. மனித மனம் எங்கே மிதிபடுகிறது என்று அவர்களுக்குத் தெளிவாகத் தெரிந்திருந்தது.

இன்றைக்கு எனக்குக் கொடுத்திருக்கும் தலைப்பு சமூக உளவியலின் வரலாறு. தனியாக இருக்கும்போது மனிதன் எப்படி நடந்துகொள்கிறான், நாலு பேர் நடுவில் எப்படி, தலைக்கு மேலே ஒருவர் நிற்கும்போது எப்படி என்று ஆராயும் துறை அது. முப்பது ஆண்டுகளுக்கு மேல் அதைப் பாடம் நடத்தியிருக்கிறேன். நடத்திய புத்தகங்கள் எதிலும் நாம் குடியிருந்த லயங்கள் இல்லை, காலையில் பெயர் கூப்பிடும் நம் பெரட்டுக்களம் இல்லை. ஆனால் அந்த வரலாறும் சைக்கிளில்தான் தொடங்குகிறது.

அமெரிக்காவில் இண்டியானா பல்கலைக்கழகத்தில் நார்மன் டிரிப்லெட் என்பவர் சைக்கிள் பந்தயக் கணக்குகளைப் புரட்டிக்கொண்டிருந்தார். கடிகாரத்தை மட்டும் எதிர்த்துத் தனியாக ஓட்டுகிறவனைவிட, பக்கத்தில் இன்னொருவன் ஓட்டும்போது அதே ஆள் வேகமாகப் போகிறான். ஏன் என்று பார்க்க, சிறுவர் சிறுமியரிடம் தூண்டில் சக்கரத்தைக் கொடுத்துச் சுற்றச் சொன்னார். பக்கத்தில் இன்னொரு பிள்ளை சுற்றினால் பலருக்குக் கை வேகம் கூடியது. சிலருக்குப் பதறிப்போய்க் குறைந்தது. 1898-இல் அந்தக் கட்டுரை வெளியானது. துறையின் முதல் சோதனை அதுதான் என்று பாடப்புத்தகங்கள் எழுதும்.

அதற்கும் முன்பே பிரான்சில் மாக்ஸ் ரிங்கெல்மான் என்ற வேளாண் பொறியாளர், குதிரை, மாடு, மனிதன் எவ்வளவு பாரம் இழுக்கும் என்று அளந்துகொண்டிருந்தார். எட்டுப் பேர் சேர்ந்து ஒரே கயிற்றை இழுத்தால் எட்டு ஆளின் பலம் வருவதில்லை, ஏறக்குறைய பாதிதான் வருகிறது என்று அவர் கண்டார். 1913-இல்தான் அதை அச்சிட்டார். ஒருவர் பக்கத்தில் நிற்பதால் வேலை கூடுகிறது என்றார் ஒருவர், குறைகிறது என்றார் மற்றவர். தன் வேலை தனியாகத் தெரிகிற இடத்தில் கை விரைகிறது, கூட்டத்தில் கரைகிற இடத்தில் தளர்கிறது என்று இந்த இரண்டையும் பொருத்திக் காட்டப் பிற்பாடு வந்தவர்களுக்குப் பல பத்தாண்டுகள் பிடித்தன. கொழுந்துக்கூடையைத் தனித்தனியாக நிறுக்கும் தண்டல் எவருக்கும் அதைச் சொல்லித்தர வேண்டியிருந்திருக்காது.

இந்தத் துறைக்கு ஆரம்பத்தில் ஒரு கெட்ட பழக்கம் இருந்தது. மனிதன் செய்கிற எல்லாவற்றையும் அவன் இரத்தத்தில் தேடிய பழக்கம் அது. 1908-இல் வில்லியம் மக்டூகல் சமூக உளவியல் என்ற பெயரோடு ஒரு பாடநூல் எழுதினார். அதே ஆண்டில் எட்வர்ட் ராஸ் என்ற சமூகவியலாளரும் ஒன்று எழுதினார். மக்டூகலுக்கு எல்லாமே பிறவி உணர்ச்சி. சண்டைக்கு ஒன்று, ஓடி ஒளிவதற்கு ஒன்று, அடிபணிவதற்கும் ஒன்று. அடிபணிதல் பிறவியிலேயே வருவது என்று லண்டனில் அச்சாகிக்கொண்டிருந்த அதே காலத்தில், மலாயாவின் தோட்டத் துரைமார்கள் தமிழனைப் பற்றி ஒரே சொல்லைத் திரும்பத் திரும்ப எழுதிக்கொண்டிருந்தார்கள்: சாது. சொன்னதைக் கேட்பவன், தலைகுனிபவன், அதனால்தான் அவனைக் கூட்டி வருகிறோம் என்று. ஒப்பந்தக் கூலி முறை 1910-இல் நிறுத்தப்பட்டது. கங்காணி போய் ஊரிலிருந்து ஆள் கட்டி வந்தது 1938 வரை நடந்தது. அந்த ஆண்டில் இந்திய அரசு தடை போட்டது. கடன், கங்காணி, லயம், கள்ளுக்கடை, போலீஸ் இத்தனையையும் சுற்றிலும் நட்டுவைத்துவிட்டு, நடுவில் நிற்பவனைப் பார்த்து 'இவன் பிறவியிலேயே சாது' என்றார்கள்.

என் பேச்சின் மையம் இதுதான். ஒரு சமூகத்தின் குணம் என்று நாம் எதைச் சொல்கிறோமோ அதில் பெரும்பங்கு, அந்தச் சமூகத்தை நிறுத்திவைத்திருக்கும் இடத்தின் வேலை. சமூக உளவியல் இதைக் கற்றுக்கொள்ள ஏறக்குறைய அரை நூற்றாண்டு தடுமாறியது.

1929-இல் ஜே. ஏ. ரஸ்ஸல் இந்த மலையில் 'போ' தேயிலைத் தோட்டத்தைத் தொடங்கினார். இலங்கையில் தேயிலை வளர்த்துப் பழகிய ஏ. பி. மில்ன் அவருக்குத் துணை. காட்டை அழித்துச் சரிவுகளைத் தேயிலையாக்கிய கைகளில் நம் முன்னோர்களின் கைகள் உண்டு. அதே ஆண்டுகளில் அமெரிக்காவில் சிக்காகோ பக்கம் ஹாதார்ன் என்ற தொலைபேசிக் கருவித் தொழிற்சாலையில் ஆராய்ச்சியாளர்கள் உட்கார்ந்திருந்தார்கள். 1924 முதல் 1932 வரை அந்த ஆய்வுகள் நடந்தன. விளக்கு வெளிச்சத்தைக் கூட்டினால் உற்பத்தி கூடுமா என்று பார்க்கத்தான் முதலில் போனார்கள். கடைசி ஆய்வில் 14 ஆண்கள் கம்பி இணைக்கும் அறையில், தினமும் எவ்வளவு செய்வது என்று தங்களுக்குள் ஒரு கணக்கு வைத்திருந்ததைக் கண்டார்கள். அதற்கு மேல் செய்பவனைக் கிண்டல் பண்ணினார்கள், கையில் ஒரு குத்து விட்டார்கள். ரொம்பவும் குறைவாகச் செய்பவனும் பேச்சு வாங்கினான். கூடச் செய்தால் காசு கூடும் என்று நிர்வாகம் சொல்லியும் அவர்கள் தங்கள் கணக்கை மாற்றவில்லை.

இதை நான் முதன்முதலில் பல்கலைக்கழக நூலகத்தில் படித்தபோது அம்மாவின் கூடைதான் கண்ணுக்குள் வந்தது. அம்மா கையால் கொழுந்து பறித்த காலத்தவர். பெருவிரலும் ஆட்காட்டி விரலும் சேர்ந்து இரண்டு இலை ஒரு மொட்டைக் கிள்ளும். கை நிறைந்ததும் தோளுக்கு மேலாக முதுகுக் கூடைக்குள் வீசுவார், திரும்பிப் பார்க்காமல். பள்ளி விடுமுறையில் நான் வரப்பில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருப்பேன். பனி விலகும் நேரத்தில் இடுப்பில் கட்டிய ரப்பர் தாள் முழுக்க ஈரமாக இருக்கும். பக்கத்து நிரையில் ஒரு பெரியம்மா, வயது அறுபதை நெருங்கியவர். அவர் கண் மங்கிக்கொண்டிருந்தது அம்மாவுக்கும் தெரியும், நிரையில் இருந்த எல்லாருக்கும் தெரியும், தண்டலுக்குத் தெரியாது. நிறுவைக்குப் போகும் வழியில், லாரி திருப்பத்தில், அம்மாவின் கூடையிலிருந்து இரண்டு அள்ளு, அடுத்தவர் கூடையிலிருந்து இரண்டு அள்ளு. பெரியம்மாவின் கூடை அன்றைய கணக்கைத் தொட்டுவிடும். யாரும் பேசிக்கொள்ள மாட்டார்கள். கிராணி காதில் செருகிய பென்சிலை எடுத்து எழுதிக்கொள்வார்.

புத்தகம் இதற்கு உற்பத்தியைக் கட்டுப்படுத்துதல் என்று பெயர் வைத்தது. நிர்வாகத்தின் நாற்காலியிலிருந்து பார்த்தால் அந்தப் பெயர்தான் வரும். நிரைக்குள் நின்று பார்த்தால் அது ஒருவரை ஒருவர் வேலையிலிருந்து விழாமல் பிடித்துக்கொண்டது. ஒரே செயலை யார் பக்கம் நின்று பார்க்கிறோம் என்பதைப் பொறுத்து அறிவியலின் சொல்லே மாறிவிடுகிறது என்று என் மாணவர்களிடம் சொல்லியிருக்கிறேன்.

இந்தத் துறையைத் திசை திருப்பியவர் கர்ட் லெவின். இன்று போலந்தில் இருக்கும் மொகில்னோவில், சிறு கடையும் கொஞ்சம் நிலமும் வைத்திருந்த யூதக் குடும்பத்தில் 1890-இல் பிறந்தவர். ஹிட்லர் ஆட்சிக்கு வந்த 1933-இல் ஜெர்மனியை விட்டுப் போனார். அவர் தாய் நாஜிகளிடம் உயிரிழந்தார். மனிதனின் நடத்தையை அவனையும் அவன் சூழலையும் சேர்த்துப் பார்த்தால்தான் விளங்கும் என்று 1936-இல் ஒரு சூத்திரமாகவே எழுதினார். 1945-இல் குழு இயக்கத்துக்கென்று ஓர் ஆய்வு மையம் தொடங்கி, இரண்டே ஆண்டில் இறந்துபோனார். இந்தத் துறையின் பெரிய பெயர்களில் பலர் இடம் பெயர்ந்தவர்கள் என்பதைக் கவனித்திருக்கிறேன். ஆஷ் வார்சாவில் பிறந்தவர். ஷெரீஃப் துருக்கியிலிருந்து வந்தவர், அங்கே சிறையும் கண்டவர். டாஜ்ஃபெல் போலந்து யூதர், போர்க்கைதியாக இருந்து மீண்டபோது குடும்பத்தில் பெரும்பாலோர் இல்லை. கூட்டம் என்ன செய்யும், ஆணை என்ன செய்யும், 'நாம்', 'அவர்கள்' என்று பிரித்தால் என்ன ஆகும் என்ற கேள்விகள் அவர்களுக்கு வீட்டுக் கேள்விகள். கடல் கடந்து வந்த நம் பாட்டன்மாரிடமும் அந்தக் கேள்விகள் இருந்தன. அவர்களிடம் ஆய்வுத்தாள் நீட்டத்தான் ஆள் இல்லை.

லெவினின் கூட்டாளிகள் வர்ஜீனியாவில் ஒரு பைஜாமா தைக்கும் தொழிற்சாலையில் செய்த ஆய்வு 1948-இல் வெளிவந்தது. அங்கே துண்டுக்கு இவ்வளவு என்று கூலி. வேலை முறையை மாற்றும் போதெல்லாம் உற்பத்தி விழுந்தது. ஒரு குழுவிடம் மாற்றத்தை அறிவித்தார்கள், அவ்வளவுதான். அந்தக் குழுவில் 40 நாளுக்குள் 17 விழுக்காட்டினர் வேலையை விட்டே போனார்கள். இன்னொரு பக்கம் எல்லாரையும் உட்காரவைத்து, ஏன் மாற்ற வேண்டியிருக்கிறது, எப்படி மாற்றலாம் என்று கேட்டார்கள். ஒருவர்கூடப் போகவில்லை, உற்பத்தி முன்பைவிட ஏறத்தாழ 14 விழுக்காடு கூடியது.

எங்கள் தோட்டத்தில் கொழுந்து வெட்டும் கத்தரி வந்த நாள் எனக்கு நினைவிருக்கிறது. காலைப் பெரட்டில் பெயர் கூப்பிட்டு முடித்ததும், நாளையிலிருந்து கத்தரி என்றார்கள். அம்மா அன்றிரவு சோறு பிசைந்துகொண்டே தன் விரல்களைப் பார்த்தார். "இருபத்தஞ்சு வருசமா எந்தச் செடில எப்ப கொழுந்து வரும்னு இந்த விரலுக்குத் தெரியும். ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்ல" என்றார். கத்தரிக்குப் பின்னால் இரண்டு ஆள் பிடித்து நடக்கும் இயந்திரம் வந்தது. அப்போதும் கேட்கவில்லை. இயந்திரம் தேவைதான், மலை முழுவதும் கையால் பறிக்க இன்று ஆள் இல்லை. அம்மா கேட்டது ஒரு வார்த்தை.

இனி நம் பக்கத்துக் கதைக்கு வருகிறேன். இதைச் சொல்லத்தான் ஆசைப்பட்டு வந்தேன். இந்தத் துறையை மேற்கத்தியர்கள் கட்டினார்கள், நாம் படித்தோம் என்றே நம் பிள்ளைகள் நினைக்கிறார்கள். கல்கத்தா பல்கலைக்கழகத்தில் 1916-லேயே சோதனை உளவியல் துறை தொடங்கிவிட்டது. அதை நடத்திய என். என். சென்குப்தாவும் ராதாகமல் முகர்ஜியும் சேர்ந்து 1928-இல் சமூக உளவியல் பாடநூல் எழுதினார்கள். சென்னைப் பல்கலைக்கழகத்தில் 1943-இல் ஜி. டி. போவாஸ் உளவியல் துறையைத் தொடங்கினார்.

1934 ஜனவரி 15-ஆம் தேதி பீகாரில் பெரும் பூகம்பம். ஜமுனா பிரசாத் என்ற உளவியலாளர் அதன் பிறகு பரவிய வதந்திகளை ஒவ்வொன்றாகச் சேகரித்தார். பூமி ஆடியும் வீடு இடியாத பகுதியில்தான் பயங்கரமான வதந்திகள். கங்கையில் தண்ணீரே மறைந்துவிட்டதாம், சந்திர கிரகணத்தன்று இன்னொரு பூகம்பமாம். ஏற்கெனவே பயந்திருப்பவர்களுக்கு இன்னும் பயம் ஊட்டும் கதை எதற்கு? பல ஆண்டு கழித்து லியோன் ஃபெஸ்டிங்கர் என்ற அமெரிக்கர் இந்தக் கேள்வியில் மாட்டிக்கொண்டார். மனம் நடுங்குகிறது, சுற்றிலும் நடுங்குவதற்குக் காரணம் எதுவும் தெரியவில்லை. இந்தப் பொருந்தாமையைத் தாங்க முடியாமல் மனம் தன் நடுக்கத்துக்கு ஏற்ற காரணத்தை உண்டாக்கிக்கொள்கிறது என்று அவர் முடிவுக்கு வந்தார். 1957-இல் அவர் வெளியிட்ட மன முரண் கோட்பாடு உலகம் முழுவதும் பாடமானது. அதன் விதை பீகாரில் கிடைத்தது என்று அவரே எழுதியிருக்கிறார்.

அதற்குச் சரிபார்ப்பு கிடைத்த இடம் நம்மைப் போல ஒரு தேயிலை மலை. 1950-இல் டார்ஜிலிங்கில் கடும் மண்சரிவு. துர்கானந்த் சின்ஹா அங்கே பரவிய பேச்சுகளைத் திரட்டி 1952-இல் எழுதினார். சேதத்தைக் கண்ணால் பார்த்த மக்களிடம் இனி வரப்போகும் பேரழிவு பற்றிய கதைகள் அப்படிப் பரவவில்லை. பயத்துக்குக் காரணம் கண்ணெதிரே கிடந்தது, கற்பனை தேவைப்படவில்லை.

2013 அக்டோபர் 23 அதிகாலையை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். சுல்தான் அபு பக்கார் அணையிலிருந்து திறந்த தண்ணீர் பெர்த்தாம் பள்ளத்தாக்கில் புகுந்து வீடுகளையும் உயிர்களையும் கொண்டுபோனது. அந்த வாரம் நான் உறவினர் வீட்டில் இங்கே தானா ராத்தாவில் இருந்தேன். எங்கள் வாசலில் ஒரு சொட்டு வெள்ளம் இல்லை. ஆனால் அணை விரிசல் விட்டுவிட்டது, மலையே சரியப்போகிறது என்ற பேச்செல்லாம் எங்கள் பக்கம்தான் ஓடியது. பள்ளத்தாக்கில் இருந்தவர்கள் சேற்றை வாரிக்கொண்டிருந்தார்கள். வதந்தியைப் பரப்புபவன் மூடன் என்று திட்டுவதற்கு முன்னால், அவனிடம் உண்மையை யாராவது நேரத்தோடு சொன்னார்களா என்று கேட்க அன்று கற்றுக்கொண்டேன்.

பாட்னாவில் ஜெய் பி. பி. சின்ஹா என்பவர் 1980-இல் ஒரு புத்தகம் எழுதினார். எல்லாரையும் கேட்டு நடத்தும் தலைவரே சிறந்தவர் என்று லெவினின் மாணவர்கள் காட்டியிருந்தார்கள். நம் வேலையிடங்களில் அன்பாகப் பார்த்துக்கொண்டே வேலையிலும் கண்டிப்பாக இருந்து, ஆட்கள் தேறத் தேறப் பொறுப்பைக் கைமாற்றும் தலைவர்தான் முதல் படிக்கு உதவுகிறார் என்று இவர் சொன்னார். நல்ல கருத்து. ஆனால் கங்காணிகளைப் பார்த்த நாம் அதில் ஒரு எச்சரிக்கையைச் சேர்க்க வேண்டும். நம் கங்காணிகள் 'உன்னைப் பிள்ளை மாதிரி வச்சிருக்கேன்' என்றார்கள், பொறுப்பை மட்டும் கடைசிவரை கைமாற்றவில்லை.

இப்போது 1941-க்குத் திரும்புகிறேன். தலைமுறைகளாகச் சாது என்று எழுதப்பட்ட அதே தமிழர்கள் சில மாதங்களில் ஆயிரக்கணக்கில் வேலையை நிறுத்தினார்கள். நாதனைக் கைது செய்து நாடு கடத்தினார்கள். படை வந்தது, சுட்டார்கள், தொழிலாளர்கள் செத்தார்கள். அந்த மாதங்களில் அவர்கள் இரத்தமா மாறியது? பக்கத்துத் தோட்டத்துக்காரனும் நம்மைப் போலத்தான் நினைக்கிறான் என்று தெரிந்தது. பேச ஒரு சங்கம் இருந்தது. எண்ணத்தை வெளியே சொல்ல ஒரு துணை கிடைத்தது. பத்தாண்டு கழித்து ஆஷ் தன் சோதனையில் இதைத்தான் கண்டார். அறையில் எல்லாரும் தப்பான பதிலைச் சொல்லும்போது தனி ஆள் பல முறை அவர்களோடு ஒத்துப்போகிறான். ஒரே ஒருவர் உண்மையைச் சொல்லிவிட்டால், ஒத்துப்போவது வெகுவாகக் குறைந்துவிடுகிறது. தாத்தா எப்போது சைக்கிளிலேயே துரையைத் தாண்டிப் போனார் என்று கேட்டிருக்கிறேன். "முன்னால போனவன் இறங்கல. நானும் இறங்கல" என்றார்.

சையத் ஹுசைன் அலாத்தாஸ் 1977-இல் எழுதிய சோம்பேறிப் பூர்வகுடி பற்றிய நூல் இந்த மண்ணில் பிறந்த பெரும் அறிவுக் கொடை என்று கருதுகிறேன். மலாய்க்காரர் சோம்பேறி என்று ஏன் சொன்னார்கள்? தோட்டத்திலும் சுரங்கத்திலும் அவர்கள் சொன்ன கூலிக்கு வர மறுத்ததால் என்று காட்டினார். வர மறுத்தவன் சோம்பேறி, வந்தவன் சாது. இரண்டு முத்திரையும் ஒரே மேசையில் குத்தப்பட்டவை. இதை அறியாமல் நாமும் மலாய் அண்ணன்மாரைப் பற்றி அந்தச் சொல்லைப் பேசியிருக்கிறோம், அவர்களும் நம்மைப் பற்றிப் பேசியிருக்கிறார்கள்.

இதைச் சொல்லும்போது எனக்கு மனம் கனக்கிறது. போன மாதம் ஒரு கடையில் நம் ஆள் ஒருவர், நல்ல மனிதர், வங்காளதேசத்திலிருந்து தோட்ட வேலைக்கு வந்திருக்கும் இளைஞர்களைப் பற்றிச் சொன்னார்: "அவனுங்க நல்லவனுங்கதான். சொன்னதைக் கேட்டுக்கிட்டுக் கெடப்பானுங்க, அதுக்குன்னே பொறந்தவனுங்க." என் தாத்தாவைப் பற்றிய வாக்கியம் எண்பது ஆண்டு கழித்து நம் வாயிலிருந்து வந்தது. டாஜ்ஃபெல் 1970-களின் தொடக்கத்தில் பிரிஸ்டல் பையன்களை, எந்த ஓவியரின் படம் பிடிக்கும் என்பது போன்ற அற்பக் காரணம் சொல்லி இரண்டு குழுவாக்கினார். முன்பின் பார்க்காத குழுவுக்காகக்கூடப் பையன்கள் காசை ஒரு பக்கமாகப் பங்கிட்டார்கள். தங்களுக்கு மொத்தத்தில் குறைந்தாலும் பரவாயில்லை, மற்றவனைவிடக் கூட இருக்க வேண்டும் என்றுகூடத் தேர்ந்தெடுத்தார்கள். அற்பக் கோட்டுக்கே இப்படியென்றால், மொழி, கடவுச்சீட்டு, லயம் எல்லாம் தனித்தனி என்றால் எப்படி இருக்கும்? கோர்டன் ஆல்போர்ட் 1954-இல் வழியும் சொன்னார். சும்மா பக்கத்தில் இருந்தால் போதாது. சம மதிப்போடு, ஒரே நோக்கத்துக்காகச் சேர்ந்து, மேலிருப்பவர் ஆதரவோடு பழகினால் பகை குறையும். மேலே துரை, நடுவில் தண்டல், கீழே புதிதாக வந்தவன் என்ற அடுக்கில் வெறுமனே ஒரே மலையில் வாழ்வதை அவர் சொல்லவில்லை.

கடைசியாக ஒன்று. போர்க்காலத்தில் இறைச்சித் தட்டுப்பாடு வந்தபோது, இதயம், சிறுநீரகம் போன்ற உள்ளுறுப்புகளைச் சமைக்கும்படி இல்லத்தரசிகளை இணங்கவைக்க அமெரிக்க அரசு முயன்றது. லெவின் இரண்டு வழியைப் பார்த்தார். நல்ல பேச்சாளரைக் கொண்டு சொற்பொழிவு ஆற்றிய கூட்டங்களில், பின்னர் சமைத்துப் பார்த்தவர்கள் 3 விழுக்காடு. தாங்களே கூடிப் பேசி, செய்வோம் என்று கை தூக்கிய கூட்டங்களில் 32 விழுக்காடு. அதனால்தான் ஏற்பாட்டாளர்களிடம் எனக்கு ஒரு மணி நேரம் போதும், மிச்ச நேரத்தை நீங்கள் பேச வையுங்கள் என்று முன்பே கேட்டுக்கொண்டேன்.

தேநீர் வந்துவிட்டது. நாற்காலிகளை வட்டமாகத் திருப்பிப் போட்டுக்கொள்ளலாம். பின்னால் சுவரோரம் நாலைந்து இளைஞர்கள் ஆரம்பத்திலிருந்து நின்றுகொண்டே கேட்கிறார்கள். வங்காளதேசத்திலிருந்து வந்து நம்மோடு வேலை செய்கிறவர்கள். அவர்களில் ஒருவருக்குத் தமிழ் நன்றாக வருகிறது, கொழுந்துக்காட்டிலேயே கற்றுக்கொண்டதாம். தம்பி, இப்படி முன்னால் வாருங்கள், உட்காருங்கள். முதலில் நீங்கள் சொல்லுங்கள், கேட்கிறோம்.